இரண்டு சூரியன்களுக்கு ஒரு பஞ்சாங்கம்

கற்பனை உலகங்களில் இரண்டு சூரியன்கள் வருவது புதிதல்ல. ஆனால் அந்த உலகத்து மக்களும் பெரும்பாலும் நம்மைப் போலவே மாதத்துக்கு முப்பது நாள், ஆண்டுக்குப் பன்னிரண்டு மாதம் என்று வாழ்ந்துவிட்டுப் போகிறார்கள். வானத்தையே மாற்றிவிட்டு நாட்காட்டியைத் தொடாமல் விட்டால், அந்த வானம் வெறும் திரைச்சீலையாகிவிடும். நாட்காட்டி என்பது வானத்தைப் பார்த்து மனிதர்கள் எழுதிக்கொண்ட கணக்கு. வானம் வேறாக இருந்தால் கணக்கும் வேறாகத்தான் இருக்கும்.

இரட்டைச் சூரியன் உலகம் இரண்டு வகையில் அமையலாம். ஒன்றில், கோள் ஒரு சூரியனைச் சுற்றும். மற்றது எட்டத்தில் நிற்கும். நமக்கு மிக அருகிலுள்ள ஆல்ஃபா சென்டாரியின் இரு பெரிய விண்மீன்கள் ஒன்றையொன்று சுற்ற ஏறக்குறைய 80 ஆண்டுகள் ஆகின்றன. அவற்றில் ஒன்றை ஒட்டி ஒரு கோள் இருந்தால், ஆண்டில் ஒரு பகுதி இரண்டு சூரியன்களும் பகலில் சேர்ந்து நிற்கும். மறு பகுதியில் ஒன்று மறைய மற்றது எழும். அங்கே இருட்டே ஒரு பருவம்.

இரண்டாவது வகையில், கோள் இரண்டு சூரியன்களையும் சேர்த்தே சுற்றும். பஞ்சாங்கம் எழுத எனக்குப் பிடித்த வானம் இதுதான். நம் கற்பனை உலகத்துக்கு ‘இருகதிர்’ என்று பெயர் வைப்போம். அதன் வானத்தை இட்டுக்கட்டத் தேவையில்லை. நாசாவின் கெப்ளர் விண்வெளித் தொலைநோக்கி கண்டுபிடித்து 2011-இல் அறிவிக்கப்பட்ட கெப்ளர்-16 அமைப்பை அப்படியே எடுத்துக்கொள்ளலாம். அங்கே பெரிய சூரியனின் நிறை நம் சூரியனில் 69 சதவீதம், சிறியதன் நிறை 20 சதவீதம். இரண்டும் 41 நாளில் ஒன்றையொன்று சுற்றுகின்றன. அவற்றின் இடைவெளியைப் போல மூன்று மடங்கு தள்ளி, சனியின் நிறையை ஒத்த ஒரு கோள் 229 நாளில் இரண்டையும் சுற்றி வருகிறது. அதைவிட நெருங்கினால் இரட்டை ஈர்ப்பு கோளின் பாதையைக் குலைத்துவிடும். அந்தப் பாதையில் நம் பாறை உலகத்தை வைப்போம். பகலிரவு நமக்குள்ளது போல 24 மணி நேரம் இருக்கட்டும்.

முதலில் மாதம். 41 நாள் சுற்று இருகதிர்வாசிக்கு நேரடியாகப் பயன்படாது, ஏனெனில் அவர் நிற்கும் கோளும் அதே திசையில் நகர்கிறது. சிறிய சூரியன் ஒரு சுற்றை முடிப்பதற்குள் கோள் முன்னே போயிருக்கும். எட்டிப்பிடிக்க இன்னும் 9 நாள் வேண்டும். ஆகவே சிறியது பெரியதன் முகத்தைக் குறுக்கே கடக்கும் காட்சி 50 நாளுக்கு ஒருமுறை நிகழும். நம் நிலவின் கணக்கும் இதுதான்: பூமியைச் சுற்ற 27.3 நாள், அமாவாசைக்கு அமாவாசை 29.5 நாள்.

அந்தக் கடப்பில் பெரிய சூரியனின் வெளிச்சம் சுமார் எட்டில் ஒரு பங்கு குறையும். ஊரே பார்க்கக்கூடிய அடையாளம் அது. அன்றே மாதப் பிறப்பு. மறுநாளிலிருந்து சிறிய சூரியன் பெரியதற்கு முன்னதாக எழத் தொடங்கும். இரண்டுக்குமான இடைவெளி வளர்ந்து வளர்ந்து 18 டிகிரியைத் தொடும்போது, செக்கச்செவேலென்ற சிறு சூரியன் மட்டும் ஒரு மணி நேரத்துக்கு மேல் தனியாக வானத்தில் நிற்கும். பிறகு இடைவெளி சுருங்கி, மாத நடுவில் அது பெரியதன் பின்னே மறையும். அடுத்த பாதியில் அது பிந்தி எழும், பிந்தி மறையும். வளர்பிறை, தேய்பிறை போல இங்கே முன்னெழு பட்சம், பின்னெழு பட்சம். சூரியன்களின் பாதை நீள்வட்டம் என்பதால் பட்சம் சில சமயம் 20 நாளை ஒட்டியும் சில சமயம் 30 நாளை ஒட்டியும் வரும். நம் மார்கழி 29 நாளில் முடிவதும் ஆனி 32 நாள் வரை நீள்வதும் பூமியின் நீள்வட்டப் பாதையால்தான்.

இந்த மாதத்துக்குள்ளேயே வெயிலும் குளிரும் உண்டு. சிறியது பெரியதைச் சுற்றும்போது பெரியதும் சும்மா நிற்பதில்லை. இரண்டும் பொதுவான நிறைமையத்தைச் சுற்றுகின்றன. சிறியது முன்னே வரும் மாதப் பிறப்பில் பெரியது கோளைவிட்டு விலகியிருக்கும். மாத நடுவில் நெருங்கி வந்திருக்கும். அந்த நெருக்கத்தில் கோளுக்குக் கிடைக்கும் வெப்பம், விலகலில் கிடைப்பதைவிட ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கு அதிகம். எனவே இருகதிரின் உழவர், நாற்றை எந்த மாதத்தில் நடுவது என்பதோடு எந்தப் பட்சத்தில் நடுவது என்றும் பார்த்தாக வேண்டும்.

சிக்கல் ஆண்டில் தொடங்குகிறது. 229 நாளில் 50 நாள் மாதங்கள் நான்கரைக்குச் சற்று மேல் அடங்கும். துல்லியமாகச் சொன்னால் 4.57. சந்திர மாதங்களைச் சூரிய ஆண்டோடு பொருத்த முயன்ற பாபிலோனியர்களுக்கும் இதே தொல்லை இருந்தது. 19 ஆண்டுகளில் 235 மாதங்கள் என்று கண்டுகொண்டு, அந்த 19 ஆண்டுகளுக்குள் ஏழு மாதங்களைக் கூடுதலாகச் சேர்த்தார்கள். இந்தியப் பஞ்சாங்கங்களின் அதிக மாதமும் அதே வேலையைத்தான் செய்கிறது. இருகதிரில் கணக்கு இன்னும் எளிது: 7 ஆண்டுகளில் 32 மாதங்கள். ஐந்து மாதம் கொண்ட நெட்டாண்டுகள் நான்கு, நான்கு மாதம் கொண்ட குற்றாண்டுகள் மூன்று, ஒன்றுவிட்டு ஒன்றாக.

ஏழு ஆண்டுக்கும் ஏழு பெயர் வைக்கலாம். நம் அறுபது ஆண்டுப் பெயர்களைப் போலச் சுற்றி வந்தாலும், இவற்றில் ஒவ்வொரு பெயருக்கும் ஒரு வானிலை உண்டு. கோளின் அச்சு சாய்ந்திருந்தால் வழக்கமான கோடையும் இருக்கும். கோடை உச்சமும் மாத நடுவும் ஒரே நாளில் சந்திக்கும் ஆண்டு தீயாய்க் காயும்; கோடை உச்சத்தில் மாதம் பிறக்கும் ஆண்டு இதமாகக் கழியும். மற்றவை இடைப்பட்டவை. ஆண்டின் பெயரைக் கேட்டதும் குளத்தைத் தூர்வார வேண்டுமா, களஞ்சியத்தை நிரப்ப வேண்டுமா என்று பாட்டி சொல்லிவிடுவாள்.

32 மாதங்கள் 7 ஆண்டுகளைவிட முக்கால் நாள் போல மிகும். அது சேர்ந்து சேர்ந்து நானூறு ஆண்டுகளைத் தாண்டும்போது முழு மாதமாகிவிடும். அப்போது ஒரு நெட்டாண்டைக் குற்றாண்டாக்கி, ஒரு மாதத்தைப் பஞ்சாங்கத்திலிருந்தே நீக்க வேண்டும். கிரெகோரியன் நாட்காட்டி 400 ஆண்டுக்கு மூன்று லீப் நாட்களை விடுகிறது. இருகதிரில் விடவேண்டியது ஐம்பது நாள். எந்த மாதத்தை நீக்குவது, அந்த மாதத்தில் பிறந்தநாள் வருபவர்கள் என்ன செய்வது, அதற்குள் வரவேண்டிய வட்டியை யார் கட்டுவது என்பதையெல்லாம் அந்த உலகத்துக் கணியர்கள் முன்கூட்டியே எழுதி வைத்திருக்க வேண்டும்.