புரொடக்‌ஷன் டிசைனர்: தமிழில் என்ன சொல்வது?

பெரிய படம் ஒன்றின் செய்திக்குறிப்பு வந்துவிட்டால் போதும், ‘புரொடக்‌ஷன் டிசைனர்’ தமிழில் ‘தயாரிப்பு வடிவமைப்பாளர்’ ஆகி, நாளிதழிலிருந்து யூடியூப் வரை உலா வரத் தொடங்கிவிடுகிறார். படிப்பவர் என்ன நினைப்பார்? தயாரிப்பாளர், தயாரிப்பு நிர்வாகி, தயாரிப்பு மேற்பார்வை என்று டைட்டிலில் ஓடும் வரிசையில் இவரையும் சேர்த்து, கால்ஷீட்டும் பேட்டாவும் கவனிக்கிற ஆள் என்று நினைப்பார். இல்லையென்றால் மிக்ஸிக்கு வடிவம் கொடுக்கும் பொறியாளர் என்று நினைப்பார்.

‘புரொடக்‌ஷன்’ லத்தீனில் முன்னே கொண்டுவருதல். ஆங்கில நாடகக்காரர்கள் மேடையேறிய படைப்பு முழுவதையும் அப்படித்தான் அழைத்தார்கள். அந்த முழுமைக்குத் தோற்றம் வகுப்பவர்தான் நாம் பேசும் ஆள். முதலீட்டுக்கும் அவருக்கும் தொடர்பில்லை. ‘தயார்’ உருது வழி வந்த சொல். அதற்காக அதைத் தள்ளச் சொல்லவில்லை. இங்கே பொருளே பிசகுகிறது.

இந்தப் பட்டம் வந்த கதையைப் பார்த்தாலே தெரியும். வில்லியம் கேமரன் மென்ஸீஸ் ஹாலிவுட்டில் ஊமைப்படக் காலத்திலேயே பெரிய கலை இயக்குநர். 1929-இல் நடந்த முதல் ஆஸ்கர் விழாவில் கலை இயக்கத்துக்கான விருது அவருக்குத்தான். 1939-இல் வந்த ‘கான் வித் த விண்ட்’ படத்துக்கு அவர் செட் மட்டும் வரையவில்லை. காட்சி காட்சியாக நிறம், ஒளி, கேமரா நிற்கும் கோணம் வரை வரைந்து கொடுத்தார். அட்லாண்டா எரியும் காட்சிக்காக ஸ்டுடியோவில் கிடந்த பழைய செட்டுகளையே கொளுத்தினார்கள். அதைத் திட்டமிட்டவரும் அவரே. கலை இயக்குநர் என்ற பெயர் இந்த வேலைக்குப் போதாது என்றுதான் தயாரிப்பாளர் செல்ஸ்னிக் ‘புரொடக்‌ஷன் டிசைனர்’ என்ற புதுப் பட்டம் கொடுத்தார். அதே படத்தில் லைல் வீலர் கலை இயக்குநராக இருந்து ஆஸ்கரும் வாங்கினார். மென்ஸீஸுக்கு வண்ணத்தைக் கையாண்டதற்காகத் தனிச் சிறப்பு விருது. ஒரே படத்தில் இரண்டு பதவி, இரண்டு ஆள்.

ஆகவே இரண்டுக்கும் ‘கலை இயக்குநர்’ என்றே எழுதிவிட்டுப் போவதும் சரியில்லை. தோட்டா தரணி ‘நாயகன்’ படத்துக்காகச் சென்னையில் தாராவியை எழுப்பித் தேசிய விருது வாங்கிய நாளில் ஒருவரே இரண்டையும் செய்தார்; ஒரு சொல் போதுமாயிருந்தது. இன்று மேலே ஒருவர் படத்தின் தோற்றத்தைத் தீர்மானிக்கிறார், அவருக்குக் கீழே கலை இயக்குநர்கள் வரைபடமும் ஆளும் பிளைவுட்டும் வைத்து அதை நிறைவேற்றுகிறார்கள். ஆஸ்கர் அமைப்பும் 2012-இல் கலை இயக்க விருதின் பெயரைப் ‘புரொடக்‌ஷன் டிசைன்’ என்று மாற்றிக்கொண்டது.

என் சொல் ‘அரங்கமைப்பாளர்’. ‘அரங்கு என்றால் தியேட்டர் அல்லவா?’ என்று கேட்பார்கள். திரையரங்கு வருவதற்கு வெகு முன்பே அரங்கு இருந்தது. ‘அரங்கின்றி வட்டாடியற்றே’ என்கிறாரே வள்ளுவர், அங்கே அது ஆட்டத்துக்காகக் கோடு போட்டு வகுத்த கட்டம். சிலப்பதிகாரத்தின் அரங்கேற்று காதை ஏழு கோல் அகலம், எட்டுக் கோல் நீளம், ஒரு கோல் உயரம் என்று அளவு சொல்கிறது; மூன்று வகைத் திரை சொல்கிறது; ‘தூண்நிழல் புறப்பட மாண்விளக்கு எடுத்து’ என்கிறது. தூணின் நிழல் ஆடுமிடத்தில் விழாதபடி விளக்கை எங்கே வைப்பது என்பது வரை யோசித்திருக்கிறார்கள். மென்ஸீஸ் செய்த வேலைக்கு இதைவிடப் பொருந்தும் சொல் கிடைக்குமா? ‘காட்சியமைப்பாளர்’ என்று சிலர் எழுதுகிறார்கள். அது ஒளிப்பதிவாளரோடும் திரைக்கதைக்காரரோடும் குழம்பும்.

அகராதியில் ஒவ்வொரு சொல்லுக்கும் முதல் பொருளை எடுத்து ஒட்டுவதை மொழிபெயர்ப்பு என்று நம்புகிறவர்கள் பெருகிவிட்டார்கள். இயந்திரம் ‘உற்பத்தி வடிவமைப்பாளர்’ என்று துப்பினால் அதையும் அப்படியே அச்சேற்றுகிறார்கள். படப்பிடிப்புத் தளத்தில் போய் ஒரு லைட்மேனிடம் கேட்டால், அந்த ஆள் என்ன செய்கிறார் என்று அரை நிமிடத்தில் சொல்லிவிடுவார்.

புரொடக்‌ஷன் டிசைனர் என்று தமிழ் எழுத்தில் அப்படியே எழுதுகிறவர்களோடு எனக்குச் சண்டை இல்லை. அது யாரையும் தயாரிப்பாளர் அலுவலகத்துக்கு அனுப்பிவைப்பதில்லை.