வாக்குமூலமும் ஒப்புதல் வாக்குமூலமும்

'போலீஸில் வாக்குமூலம் கொடுத்துவிட்டான்' என்றால் குற்றத்தை ஒத்துக்கொண்டான் என்றே பலரும் எடுத்துக்கொள்கிறார்கள். அப்படியில்லை. வாக்கு, மூலம் இரண்டுமே வடமொழிவழி வந்தவை. சேர்ந்தால் வாயால் சொன்னது என்ற அளவுதான். பொருளைப் பறிகொடுத்தவர் சொல்வதும் வாக்குமூலம், கண்ணால் பார்த்தவர் சொல்வதும் வாக்குமூலம். 'நான்தான் செய்தேன்' என்பது மட்டுமே ஒப்புதல் வாக்குமூலம். ஸ்டேஷன் பேச்சில் 'கன்ஃபெஷன்'.

கொடைக்கானல் கத்தோலிக்கர்களுக்கு இந்த ஆங்கிலச் சொல் கோயில்வழியும் பழக்கம். சலேத் மாதா கோயிலுக்குப் போகும் பெரியவர்கள் வாயில் இன்னும் அது 'பாவசங்கீர்த்தனம்'தான். (பஜனைப் பாட்டும் சங்கீர்த்தனம்தான், பாருங்கள்!) இப்போதைய பெயர் ஒப்புரவு அருட்சாதனம். வள்ளுவரின் ஒப்புரவு ஊருக்கு உதவுவது. திருச்சபை அதை உறவு சீராவதற்கு எடுத்துக்கொண்டது.

சட்டத்தில் கதை வேறு. தாண்டிக்குடியில் களத்தில் காயப்போட்ட மிளகு மூட்டை ஒன்று காணாமல் போகிறது என்று வைத்துக்கொள்வோம். சந்தேகத்தில் பிடிபட்டவர் விசாரணையில், 'நான்தான் திருடினேன், பண்ணைக்காட்டு ரோட்டோரப் புதரில் ஒளித்து வைத்திருக்கிறேன்' என்கிறார். போலீஸ் அவரைக் கூட்டிப்போய் மூட்டையை எடுத்து மகசர் (கைப்பற்றியதற்கான குறிப்பு) எழுதுகிறது. அந்த ஒரே வாக்கியத்தைக் கோர்ட் இரண்டாக வெட்டும். புதரில் ஒளித்த பகுதி, பொருள் கிடைக்க வழிகாட்டியதால், சாட்சியமாக ஏற்கப்படும். 'திருடினேன்' ஏற்கப்படாது. 1872ஆம் ஆண்டுச் சாட்சியச் சட்டத்தின் 25, 26, 27ஆம் பிரிவுகள் சொன்னது இது. 2024 ஜூலை 1 முதல் நடப்பிலுள்ள புதிய சாட்சியச் சட்டத்தில் மூன்றும் 23ஆம் பிரிவுக்குள் அடங்கிவிட்டன. போலீஸ் அடித்தால் யாரும் எதையும் ஒத்துக்கொள்வார்கள் என்ற பயம்தான் காரணம். பிடிபட்டவரின் ஒப்புதல் செல்லுபடியாக வேண்டுமானால் மாஜிஸ்திரேட் முன்னால் சொல்ல வேண்டும். சொல்லியே ஆக வேண்டிய கட்டாயமில்லை, சொன்னால் உங்களுக்கே எதிராகும் என்று அவர் முதலில் எச்சரித்தாக வேண்டும். ஆகவே 'போலீஸிடம் ஒப்புக்கொண்டார், குற்றவாளி' என்று செய்தியில் எழுதுவது அவசரம்.

தனித்தமிழில் என்ன சொல்லலாம்? 'ஒப்புதல்' மட்டும் போதாது. சாலைத் திட்டத்துக்கும் ஒப்புதல்தான் தருகிறார்கள். 'ஒப்புகை' தபால் அட்டைக்கும் ஓட்டு எந்திரம் காட்டும் சீட்டுக்கும் போய்விட்டது. 'குற்ற ஒப்புரை' எனக்குப் பிடித்தது: சொல்வது என்ற பொருள் உரையில் இருக்கிறது, எதை என்பது முன்னால் நிற்கிறது. பொதுவான வாக்குமூலத்துக்கு 'வாய்மொழி' என்பதைப் பரிந்துரைக்க மாட்டேன். வாக்குமூலம் எழுத்தில் பதிந்து கோப்பில் சேர்வது.