டிஎல்எல்: நூலகமா, நிரலகமா?

டிஎல்எல் என்பது ‘டைனமிக் லிங்க் லைப்ரரி’ என்னும் ஆங்கிலத் தொடரின் சுருக்கம். பல செயலிகள் பொதுவாகப் பயன்படுத்தும் நிரல்கூறுகளைத் தொகுத்து வைத்துள்ள கோப்பினை இச்சொல் குறிக்கிறது. விண்டோசில் டிஎல்எல் எனப்படும் இவ்வகைக் கோப்பின் பெயர் லினக்சில் ‘எஸ்ஓ’ என்றும் மேக் கணினியில் ‘டைலிப்’ என்றும் முடியும். ஒரு கோப்பை வேறு வடிவில் ஏற்றுமதி செய்தல், மாற்றுதல் ஆகிய பணிகளைச் செய்யும் மென்பொருள்களில் நாம் அழுத்தும் பொத்தான் முகப்பு மட்டுமே, உழைப்பு இக்கோப்புகளுடையது. காணொளிகளை மாற்றித்தரும் செயலிகள் பலவற்றின் கோப்புறையைத் திறந்தால், பெயர் வெவ்வேறாக இருப்பினும் உள்ளே, ஒலி, காணொளிக் கோப்புகளைக் கையாளும் எஃப்எஃப்எம்பெக் திட்டத்தின் ‘ஏவிகோடெக்’, ‘ஏவிஃபார்மேட்’ ஆகிய கோப்புகளே இருக்கக் காணலாம்.

‘லைப்ரரி’ என்ற பெயர் கணினித் துறைக்கு உவமையாக வந்ததன்று. கேம்பிரிட்ஜில் 1949இல் இயங்கத் தொடங்கிய எட்சாக் கணினிக்கு எழுதப்பட்ட துணைநிரல்கள் துளையிட்ட காகித நாடாக்களாகச் சேமித்து வைக்கப்பட்டன. வேண்டியவர் வேண்டிய நாடாவை எடுத்துத் தம் நிரல் நாடாவில் படியெடுத்துக்கொண்டனர். எட்சாக் குழுவைச் சேர்ந்த வில்க்ஸ், வீலர், கில் ஆகிய மூவரும் 1951இல் வெளியிட்ட நூல் இம்முறையை விரிவாக விளக்கியது. படியெடுக்கும் அந்த வழக்கத்திலிருந்து பிறகு வந்த மாற்றமே ‘டைனமிக்’ என்னும் அடைமொழிக்குக் காரணம்: நிரலுக்குள் படியை வைக்காமல், செயலி ஓடும் நேரத்தில் பொதுக்கோப்பை அழைத்து இணைத்துக்கொள்வது. 1960களில் மல்டிக்ஸ் என்னும் இயக்க அமைப்பில் இருந்த இம்முறை 1985இல் வெளிவந்த விண்டோசின் முதற்பதிப்பிலேயே இடம்பெற்றது.

தமிழருக்கு இதன் அருமை பிடிஎஃப் ஏற்றுமதியில் விளங்கும். பினாங்கில் அச்சிடும் ஓர் அழைப்பிதழில் ‘கெடா’ என்ற மாநிலப் பெயர் வருகிறது என்று கொள்வோம். யூனிகோடு முறையில் ககரம் முதலிலும் ஒற்றைக்கொம்பு அதன் பின்னும் சேமிக்கப்படும். கொம்பை முன்னே கொண்டுவந்து நிறுத்துவது எழுத்துருவாக்க நிரலகத்தின் (எழுத்துகளை உரிய வடிவில் அமைக்கும் டிஎல்எல் போன்ற கோப்பின்) வேலை. ஏற்றுமதிக் கருவி அந்நிரலகத்தை அழைக்காவிட்டால் கொம்பு ககரத்தின் பின்னேயே நின்று டகரத்தோடு ஒட்டிக்கொள்ள, தாளில் ‘கடொ’ என்று விழும். தட்டச்சில் பிழை இல்லை. எழுத்துருவையும் குறைசொல்ல முடியாது. விண்டோசில் இப்பணியை யுஎஸ்பி10 என்னும் டிஎல்எல் நெடுங்காலம் செய்துவந்தது. ஆண்ட்ராய்டு, ஃபயர்பாக்ஸ், லிப்ரெஆஃபிஸ் ஆகியவற்றில் ஹார்ஃப்பஸ் என்னும் நிரலகம் செய்கிறது.

தமிழில் இதனை ‘இயங்குநிலை இணைப்பு நூலகம்’ என்று எழுதுவோர் உண்டு. சொல்லுக்குச் சொல் சரிதான். ஆயினும் நூலகம் என்றவுடன் கோலாலம்பூர்த் தமிழ்ப்பள்ளி மாணவருக்குப் புத்தக அடுக்குகளே நினைவுக்கு வரும். நூல்களின் அகம் நூலகமானால் நிரல்களின் அகம் நிரலகமே. நிரல் என்பது வரிசையைக் குறிக்கும் பழஞ்சொல். நிரல்நிறை என இலக்கணத்திலும் வழங்குவது. கட்டளைகள் ஒன்றன்பின் ஒன்றாக அமைவதால் மென்பொருளுக்கும் பொருந்தியது. எனவே பொதுவகையில் ‘பகிர்வு நிரலகம்’ என்றும், டிஎல்எல் என்பதையே குறித்துச் சொல்ல வேண்டிய இடத்தில் ‘இயங்குநேர இணைப்பு நிரலகம்’ என்றும் எழுதுவதே தக்கது. பேச்சில் டிஎல்எல் என்றே இருக்கட்டும்; கணினிக் கடைக்காரரிடம் அப்பெயரை மாற்றச் சொல்வது வீண்வேலை.

‘விசிரன்டைம்140 காணப்படவில்லை’ போன்ற அறிவிப்பு தோன்றினால், இல்லாதது செயலியன்று, அது நம்பியிருக்கும் நிரலகம் என்று பொருள். அப்பெயரை இணையத்தில் தேடி, யாரோ ஏற்றிவைத்த தனிக்கோப்பைப் பதிவிறக்குவது ஆபத்தானது, ஏனெனில் நிரலகக் கோப்புக்குள் தீநிரலை ஒளித்துவைப்பது எளிது. மைக்ரோசாஃப்ட் வழங்கும் விஷுவல் சி++ தொகுப்பை நிறுவுவதே முறை. பெயருடன் வரும் எண்ணையும் கவனிக்க வேண்டும். ஏவிகோடெக் 60 எஃப்எஃப்எம்பெக்கின் ஆறாம் பதிப்புக்கும் ஏவிகோடெக் 61 ஏழாம் பதிப்புக்கும் உரியவை. முன்னதைக் கேட்கும் செயலிக்குப் பின்னதைப் பெயர்மாற்றிக் கொடுத்தால் அது திறக்க மறுக்கும், அல்லது மாற்றத்தின் நடுவில் நின்றுவிடும்.