லீஜியன்: படையா, சங்கமா?

'ராயல் பிரிட்டிஷ் லீஜியன்' என்ற பெயரைக் கேட்டால் ஏதோ ராணுவப் பிரிவு போலத் தோன்றும். அது படையிலிருந்து வெளியே வந்தவர்களின் சங்கம்.

சொல்லின் வேர் லத்தீன். 'லெகெரே' என்றால் பொறுக்கி எடுத்தல், திரட்டுதல். அப்படித் திரட்டிய படை 'லெகியோ'. ரோமாபுரியில் ஒரு லெகியோவுக்கு ஏறத்தாழ 5,000 பேர். அந்தப் படைகளிலிருந்து ஓய்வு பெறுபவர்களுக்குப் பணம் கொடுக்கவே ரோமப் பேரரசர் அகஸ்டஸ் கி.பி. 6இல் தனிக் கருவூலம் வைத்து, அதற்காக வாரிசுச் சொத்தில் 5 சதவீதம் வரியும் போட்டார். செல்வர்கள் முணுமுணுத்தார்கள் என்பதைச் சொல்லவே வேண்டாம்.

முதல் உலகப் போர் முடிந்தபின் இந்தச் சொல் சங்கங்களின் பெயரில் ஏறியது. 1919இல் பாரிஸில் அமெரிக்கப் படையினர் கூடி 'அமெரிக்கன் லீஜியன்' தொடங்கினார்கள். பிரிட்டனில் வேலையில்லாமல், போதிய ஓய்வூதியமில்லாமல் தவித்தவர்களுக்காகத் தனித்தனியே இயங்கிய 4 அமைப்புகள், 1921 மே 15 அன்று 'பிரிட்டிஷ் லீஜியன்' ஆக இணைந்தன. அதிகாரிகளும் சாதாரண வீரர்களும் ஒரே சங்கத்தில். போரில் மேற்கு முனையில் பிரிட்டிஷ் படைகளின் தலைமைத் தளபதியாக இருந்த ஹெய்க்தான் அதன் முதல் தலைவர். 'ராயல்' பட்டம் 1971இல்தான் வந்தது.

அதே 1921 நவம்பரில் அன்னா கெரன் என்ற பிரெஞ்சுப் பெண்மணியின் யோசனைப்படி போரில் இறந்தவர்களின் நினைவாக அணியும் துணிப் பாப்பி மலர்கள் விற்று 1,06,000 பவுண்டுக்கு மேல் திரட்டினார்கள். மறு ஆண்டு மேஜர் ஜார்ஜ் ஹௌசன் லண்டனில் பட்டறை வைத்தார். ஊனமுற்ற முன்னாள் வீரர்களே அங்கே மலர் செய்தார்கள். ஒரு கையை இழந்தவரும் மறு கையாலேயே இதழையும் தண்டையும் பொருத்திவிடலாம், அப்படி ஓர் அமைப்பு. நன்கொடை கேட்பதோடு நிற்காமல் வேலையும் கொடுத்தது இது. எனக்குப் பெரிதாகப் படுவது இதுதான்.

சரி, தமிழில் எப்படிச் சொல்வது? ரோமானிய லீஜியனுக்குப் 'படையணி' பொருந்தும். இந்தச் சங்கங்களுக்கு அதைப் போட்டால் துப்பாக்கிதான் கண்முன் நிற்கும். 'முன்னாள் படைவீரர் சங்கம்' என்பதே சரி. 'ஓய்வுபெற்ற' என்று எழுதினால் இருபது வயதில் காயத்தோடு விடுவிக்கப்பட்டவர் அதில் அடங்கமாட்டார். 'ராணுவத்தினர்' என்றால் தரைப்படை மட்டும் போல ஒலிக்கிறது. கடற்படையையும் விமானப்படையையும் சேர்த்துக்கொள்ளப் 'படைவீரர்' போதும்.