டிரோய்ம்ஸ்டாவிர்: கனவெழுத்து

விரும்பிய கனவை வரவழைப்பதற்காகப் பொறிக்கப்படும் மந்திரக் குறிக்கு ஐஸ்லாந்து மொழியில் வழங்கும் பெயர் டிரோய்ம்ஸ்டாவிர். இது பன்மை வடிவம். ஒரு குறியை மட்டும் சொன்னால் டிரோய்ம்ஸ்டாவுர். ரோமன் எழுத்தில் இச்சொல்லின் நடுவே எஃப் வருவதால் ‘டிராம்ஸ்டாஃபிர்’ என்று படிக்கத் தோன்றும். ஐஸ்லாந்து மொழியில் இரண்டு உயிரொலிகளுக்கு நடுவே வரும் எஃப், வகரமாகவே ஒலிக்கிறது. பெயரைத் தமிழில் எழுதும்போது அந்த நாட்டார் வாயில் ஒலிப்பதை ஒட்டி எழுதுவதே மரியாதை.

செய்முறை மிகவும் சிறியது. யோவான் திருநாள் இரவில், அதாவது ஜூன் 24-ஐ ஒட்டிய இரவில், வெள்ளியிலோ வெள்ளைத் தோலிலோ இந்தக் குறியைக் கீற வேண்டும். அதன்மேல் தலைவைத்துத் தூங்க வேண்டும். சூரியன் மிகத் தாழ்ந்து நிற்கும் நேரத்தில், மனம் விரும்பியது கனவில் வரும். ஐஸ்லாந்தில் அந்த நாட்களில் நள்ளிரவிலும் வானம் முழுதாக இருள்வதில்லை. பசுக்கள் பேசும், கடல்நாய்கள் தோலைக் கழற்றி மனித உருக் கொள்ளும் என்றெல்லாம் அந்த மக்கள் கதை சொல்லிவந்ததும் இதே இரவைப் பற்றித்தான்.

சொல்லைப் பிரித்தால் இரண்டு பகுதிகள். முதற்பகுதி டிரோய்முர், கனவு. ஜெர்மன் மொழியின் டிரௌமும், ஆங்கிலத்தின் டிரீமும் இதன் உடன்பிறப்புகள். இதிலிருந்து பிறக்கும் வினையின் இலக்கணம் என்னை மிகவும் கவர்ந்தது. ஐஸ்லாந்துக்காரர் ‘நான் கனவு கண்டேன்’ என்று எழுவாய் வேற்றுமையில் சொல்வதில்லை. கனவு காண்பவரையும் இரண்டாம் வேற்றுமையில் வைத்து, ‘என்னை’ என்றே வாக்கியத்தைத் தொடங்குகிறார்கள். நாம் ‘எனக்குக் கனவு வந்தது’ என்று நான்காம் வேற்றுமையில் சொல்வதும் இதற்கு வெகு தூரத்தில் இல்லை. கனவு நாம் செய்யும் செயலாக இல்லாமல், தானாக நம்மிடம் வருவதாக இருந்தால், அதை நாம் கேட்டபடி வரச்செய்ய ஒரு கருவி தேவைப்படுகிறது. இந்தக் குறி அதற்குத்தான்.

இரண்டாம் பகுதியான ஸ்டாவுர்தான் மொழிபெயர்ப்பவரைச் சோதிக்கும். அதன் மூலப்பொருள் கோல், தடி. பிறகு எழுத்து என்ற பொருளும் ஏறியது. ஐஸ்லாந்து மொழியில் அகரவரிசைக்கு ஸ்டாவ்ரோவ் என்று பெயர். ஜெர்மன் மொழியில் எழுத்தைக் குறிக்கும் புக்ஷ்டாபே என்ற சொல்லின் பின்பாதியும் இதே வேர்தான். வடஐரோப்பியரின் பழைய எழுத்துமுறையான ரூன் எழுத்துகளின் முதுகெலும்பாக நிற்கும் நெடுங்கோட்டைப் பார்த்தால், கோலும் எழுத்தும் ஒரே சொல்லுக்குள் வந்தது வியப்பாக இராது. ஐஸ்லாந்தின் மந்திரக் குறிகள் பலவற்றிலும் நெடுங்கோடுகளும், அவற்றை வெட்டும் குறுங்கோடுகளும், முனையில் வளையங்களும் உண்டு. இக்குறிகளுக்குப் பொதுப்பெயர் கால்ட்ராஸ்டாவிர். கால்டுர் என்றால் மந்திரம்.

இவற்றை, பெரும்பாலும் கிறித்தவம் பரவுமுன் வாழ்ந்த வடஐரோப்பியக் கடலோடிகளான வைகிங்குகளின் காலத்துச் சின்னங்கள் என்று சொல்லி விற்பது இப்போது பெருகிவிட்டது. அது சரியல்ல. கிறித்தவத் திருநாளைக் குறித்துச் சொல்லும் செய்முறையே இதற்குச் சான்று. நமக்குக் கிடைத்திருப்பவை பிற்காலக் காகிதச் சுவடிகள். பச்சை குத்துவோர் விரும்பும் வேக்வீசிர் என்ற வழிகாட்டிக் குறிகூட 1860-இல் எழுதப்பட்ட ஹுல்ட் சுவடியில் காணப்படுவது. இடையில் ஒரு கொடுங்காலமும் இருந்தது. 1625-இல் யோன் ரோக்ன்வால்ட்ஸோன் என்பவர் சூனியக் குற்றத்துக்காக எரித்துக் கொல்லப்பட்டபோது, அவரிடம் கிடைத்த ரூன் எழுத்துத் தாள்கள் சான்றாகக் கொள்ளப்பட்டன. அந்த நூற்றாண்டில் இப்படி எரிக்கப்பட்டவர்களில் பெரும்பாலோர் ஆண்கள். வீட்டில் ஒரு குறி இருப்பதே உயிருக்கு உலையாகக்கூடிய காலம் அது. வடமேற்கில் ஹோல்மாவீக் என்ற சிற்றூரில் உள்ள சூனிய அருங்காட்சியகம் இந்த வரலாற்றையும் இத்தகைய குறிகளையும் காட்சிக்கு வைத்திருக்கிறது.

இனி, தமிழில் என்ன சொல்லலாம்? முத்திரை, இலச்சினை இரண்டும் அழுத்திப் பதிப்பவை, உரிமையைக் காட்டுபவை, பொருந்தா. சக்கரம், எந்திரம் என்பவை நம் மாந்திரிக மரபில் தனி இலக்கணம் உடையவை: கட்டமிட்டு, மந்திர எழுத்துகளை உள்ளே அடைத்து, தெய்வத்தை நிறுத்துவன. அந்தப் பெயரை ஐஸ்லாந்துக் குறிக்குச் சூட்டினால் இரண்டு மரபும் குழம்பும். ‘கனவுக்கோல்’ என்றால் மந்திரவாதி கையில் ஏந்தும் தடிதான் நினைவுக்கு வரும்.

கனவெழுத்து என்பதே என் தேர்வு. தமிழில் எழுத்து என்பது அட்சரம் மட்டுமன்று, ஓவியமும்கூட. பரிபாடல் 19-ஆம் பாடலில் திருப்பரங்குன்றத்து ‘எழுத்துநிலை மண்டபம்’ வருகிறது; அங்கே இரதி, காமன், அகலிகை ஓவியங்களைக் காட்டி இவர் யார், அவர் யார் என்று மக்கள் கேட்டும் சொல்லியும் மகிழ்கிறார்கள். கோலுக்கும் எழுத்துக்கும் உள்ள உறவும் நமக்குப் புதிதன்று. ‘எழுதுங்கால் கோல்காணாக் கண்ணேபோல்’ என்ற குறளில் (1285), கண்ணுக்கு மை எழுதும் கோலைக் கண்ணே காண்பதில்லை. வரைதல், எழுதுதல், கோல் ஆகிய மூன்றையும் ஸ்டாவுர் போலவே இந்தச் சொல்லும் தொட்டு நிற்கிறது.

வழக்கில் ‘கனவெழுத்து பொறித்த வெள்ளித் தகடு’, ‘கனவெழுத்தைக் கீறினாள்’ என்று இயல்பாக வரும். ஒருமைக்கும் பன்மைக்கும் கனவெழுத்து, கனவெழுத்துகள் என்று வேறுபடுத்துவதும் எளிது. விட்ட கனவுக்கே மறுநாளும் திரும்பிச் செல்ல உதவும் குறிகளைப் புனைகதைகளிலும் விளையாட்டுகளிலும் இன்று படைக்கிறார்கள். அவற்றுக்கும் இச்சொல் பொருந்தும். ஆனால் ஐஸ்லாந்துச் செய்முறையில் அந்தத் திரும்பிச் செல்லுதல் இல்லை. அது தருவது அந்த ஓர் இரவின் கனவை மட்டுமே.