அமெரிகோவின் தொண்டையில் ஒரு ‘க’

இத்தாலியக் கடற்படையின் பாய்மரப் பயிற்சிக் கப்பல் ஒன்றுக்கு அமெரிகோ வெஸ்புச்சி என்று பெயர்; ஃபுளோரன்ஸில் பிறந்த ஒரு கடலோடியின் பெயர் அது. 1931-இல் கடலில் இறக்கப்பட்ட கப்பல். உலகம் சுற்றக் கிளம்பி, 2024 கடைசியில் மும்பைக்கும் வந்துபோனது. ஃபுளோரன்ஸ் நகரத்து விமான நிலையத்துக்கும் இதே பெயர்தான். அமெரிகோவின் வாலை மட்டும் மாற்றி, அமெரிக்கா என்று இரண்டு கண்டங்களுக்கும் வைத்தாயிற்று. ஆனால் இன்றைக்கு ஒரு இத்தாலியப் பள்ளிக்கூட வாசலில் நின்று ‘அமெரிகோ!’ என்று கூப்பிட்டால், திரும்பிப் பார்க்க ஒரு பையன் இருந்தாலே அதிசயம். ‘லியோனார்தோ!’ என்று கூப்பிட்டால் நாலு தலை திரும்பும். 2018-இலிருந்து பல ஆண்டுகள் அங்கே ஆண் குழந்தைகளுக்கு அதிகம் வைத்த பெயர் அது.

அமெரிகோ என்றால் என்ன அர்த்தம் என்று தேடினால், ‘வீட்டை ஆள்பவன்’ என்று ஒரு பதில் கிடைக்கும்; ‘உழைப்பின் அரசன்’ என்று இன்னொன்று. இரண்டுமே பாதி உண்மை. அர்த்தத்தைவிட எனக்குச் சுவையாகப் படுவது அந்தப் பெயரின் கடைசி மெய்யெழுத்து. இரண்டாயிரம் ஆண்டுகளுக்கு மேலாக அது இரண்டு ஒலிகளுக்கு நடுவே ஊஞ்சலாடியிருக்கிறது. அந்த ஆட்டம் புரிய வேறு யாரையும்விடத் தமிழர்களுக்குச் சுலபம். ஏனென்றால் நம்மிடம் ஒரே எழுத்துக்கு மூன்று ஒலி இருக்கிறது.

தொண்டையில் விரலை வைத்துக்கொண்டு மூன்று சொற்களைச் சொல்லிப் பாருங்கள்: கல், தங்கம், பகல். கல்லின் க-வில் ஒரு கணம் தொண்டை அசையாமல் நிற்கும். தங்கத்தின் க-வில் அதிர்வு நிற்காமல் ஓடும். பகலின் க-வில் நாக்கு மேலண்ணத்தைச் சரியாக அடைப்பதுகூட இல்லை. பலர் வாயில் அது ஹ-வுக்குப் பக்கத்தில் போய்விடுகிறது. எழுதும்போது மூன்றும் ஒன்றுதான். இந்த மூன்றையும் கையில் வைத்துக்கொண்டால் அமெரிகோவின் கதையைச் சொல்லிவிடலாம்.

பெயரின் பின்பாதியான ‘ரிகோ’வில் தொடங்குவோம். ஆள்பவன் என்ற பொருளில் ஒரு மிகப் பழைய சொல், இந்தோ ஐரோப்பிய மொழிகள் பிரிவதற்கு முன்பே இருந்தது. லத்தீனில் அது ரேக்ஸ் ஆயிற்று. சமஸ்கிருதத்தில் ராஜ் ஆயிற்று. அங்கிருந்து நம்மூருக்கு வந்து செல்வராஜ், தங்கராஜ், ராசாத்தி என்று குடும்பம் நடத்துகிறது. கெல்ட்டிய மொழிகளில் ரீக்ஸ், கி.மு. 52-இல் சீசரிடம் தோற்ற, இன்றைய பிரான்ஸ் பகுதியில் இருந்த காலியரின் தலைவன் வெர்கிஞ்செட்டோரிக்ஸ் பெயரின் கடைசியில் இருப்பது அதுதான். ஆக, அமெரிகோவின் ‘ரிகோ’வும் செல்வராஜின் ‘ராஜ்’-உம் ஒரு தாய் பிள்ளைகள்.

ஆனால் ஜெர்மன், ஆங்கிலம் முதலான ஜெர்மானிய மொழிகளுக்கு இந்தச் சொல் நேர் வாரிசுரிமையில் வரவில்லை, கடனாக வந்தது. அதை எப்படிக் கண்டுபிடித்தார்கள் என்பது ஒரு நல்ல துப்பறியும் கதை. மூலச்சொல்லில் இருந்த உயிர் ஏ. லத்தீன் அதை அப்படியே வைத்துக்கொண்டது, சமஸ்கிருதம் ஆ ஆக்கியது, கெல்ட்டிய மொழிகள் மட்டும் ஈ ஆக்கின. ஜெர்மானியச் சொல்லோ ‘ரீக்’. ஜெர்மானிய மொழிகளின் சொந்த வழக்கப்படி அங்கே ஈ வரவே கூடாது. வந்திருக்கிறது என்றால், பக்கத்து வீட்டுக் கெல்ட்டியரிடம் வாங்கியதுதான்.

சரி, எப்போது வாங்கினார்கள்? அதற்கும் துப்பு இருக்கிறது. கெல்ட்டியரிடம் இருந்தது தங்கத்தின் க. வேற்றுமை ஏற்கும்போது ரீக்ஸ் என்பதன் அடியில் அது வெளிப்படும். ஜெர்மானியரிடம் இருப்பதோ கல்லின் க. ஜெர்மானிய மொழிகளில் பழைய தங்கத்தின் க எல்லாம் கூட்டமாகக் கல்லின் க-வாக மாறிய ஒரு காலம் உண்டு. லத்தீனில் உறைபனிக்கு ‘கெலு’ என்பார்கள், தங்கத்தின் க-வோடு. அதே வேரில் பிறந்த ஆங்கிலச் சொல் ‘கூல்’, கல்லின் க-வோடு. இந்த மாற்றத்தை ஒரு விதியாக 1822-இல் எழுதி வைத்தவர் யாக்கோப் கிரிம். தேவதைக் கதைகளைத் திரட்டிய கிரிம் சகோதரர்களில் மூத்தவர். அந்த மாற்றத்தில் ‘ரீக்’-உம் அடிபட்டிருக்கிறது என்றால், மாற்றம் நடப்பதற்கு முன்பே அது கடனாக வந்து சேர்ந்திருக்க வேண்டும். ரசீது இல்லாத கடனுக்கு ஒலியை வைத்தே தேதி போட்டுவிட்டார்கள்.

இப்போது முன்பாதி. பழைய ஜெர்மானியர்கள் பெரும்பாலும் இரண்டு துண்டுகளை ஒட்டித்தான் பெயர் வைப்பார்கள். ஒட்டிய துண்டுகள் சேர்ந்து ஒரு வாக்கியமாக அர்த்தம் தரவேண்டும் என்ற கவலை அவர்களுக்குப் பெரிதாக இல்லை. 597-இல் இறந்த பிராங்கிய அரசி ஃபிரெடெகுண்ட் பெயரில் முன்னால் இருப்பது சமாதானம், பின்னால் இருப்பது போர். என்ன பொருள் என்று கேட்டால் அவருடைய அம்மாவே முழித்திருப்பார். துண்டுகளின் வேலை குடும்பத்தைக் காட்டுவது. தங்கராஜ் மகன் செல்வராஜ், அவன் தம்பி தங்கதுரை என்று நம்மூரில் வைப்பதில்லையா, அதே சங்கதி. கோத் என்ற ஜெர்மானிய இனத்தின் ஒரு கிளையான விசிகோத்துகளின் அரசன் இரண்டாம் அலாரிக், இன்னொரு கிளையான ஆஸ்ட்ரோகோத்துகளின் அரசன் தியோடோரிக்கின் மகளை மணந்தான். தியோடோரிக் குலத்துக்குப் பெயர் அமல். பிறந்த பையனுக்கு அமலாரிக் என்று பெயர் வைத்தார்கள். முன்னால் தாய்வழிக் குலம், பின்னால் அப்பாவின் வால். ‘உழைப்பின் அரசன்’ என்ற விளக்கம் இந்த ‘அமல்’-ஐ வைத்துச் சொல்வது. உழைப்பு, ஊக்கம் என்று அதற்குப் பொருள் சொல்வது வழக்கம்.

இன்னொரு வழி ‘ஹைம்’, அதாவது வீடு. ஹைம்-ரிக் என்பதுதான் ஜெர்மனில் ஹைன்ரிஷ், ஆங்கிலத்தில் ஹென்றி. ஹங்கேரியில் இந்தக் கூட்டத்துப் பெயர் இம்ரே. அரசன் ஸ்டீபனின் மகன் இம்ரே 1031-இல் காட்டுப்பன்றி வேட்டையில் செத்துப்போனான். 1083-இல் அப்பாவையும் பிள்ளையையும் சேர்த்தே புனிதராக்கினார்கள். பையனுக்குத் தாய்மாமன், பேரரசர் இரண்டாம் ஹைன்ரிஷின் பெயரைத்தான் வைத்தார்கள் என்பார்கள். இத்தாலியில் எந்த வீட்டிலாவது ஒரு அமெரிகோ இருந்தால், அவனுடைய பெயர்நாள் இந்த ஹங்கேரிய இளவரசனின் திருநாளில்தான் வரும்.

அமெரிகோ எந்த வழியில் வந்தது, அமலா, ஹைமா? இரண்டு ஆறும் ஒரே மடுவில் கலந்துவிட்டன என்பதே என் கட்சி. அமல்ரிக்கில் ‘ல்ரி’ என்று இரண்டு மெய் மோதுகிறது. நாக்கு அதில் ஒன்றை விழுங்கிவிடும். இத்தாலியர் என்ரிக்கோவை அர்ரிகோ ஆக்கியதும் இப்படித்தான். ஏ.சி. மிலான் அணிக்கு 1989-லும் 1990-லும் ஐரோப்பியக் கோப்பை வாங்கித் தந்த பயிற்சியாளர் அர்ரிகோ சாக்கியைக் கால்பந்துப் பிரியர்களுக்கு நினைவிருக்கும்; மொழிக் கணக்கில் அவரும் ஒரு ஹென்றிதான். ஹைம் வழிக்கும் சாட்சி இருக்கிறது. 1289-இல் கம்பால்தீனோ என்ற இடத்தில் நடந்த சண்டையில் ஃபுளோரன்ஸ் படைக்குத் தலைமை தாங்கியவர் நார்போன் நகரத்துப் பிரபு. அவர் பெயரைப் பிரெஞ்சில் எமெரி என்று எழுதுபவர்கள் உண்டு. ஹைம்-ரிக் தேய்ந்து வந்தது. ஃபுளோரன்ஸ்காரர்கள் அவரை எப்படி எழுதினார்கள் தெரியுமா? அமெரிகோ தி நார்போனா. வந்த பெயர் எதுவானாலும் கையில் இருந்த அச்சில் ஊற்றிவிட்டார்கள்.

அந்த அச்சில்தான் க மறுபடி மாறியது. கோத்துகளும், 568-இல் ஆல்ப்ஸைத் தாண்டி வந்த லாங்கோபார்துகளும், அப்புறம் பிராங்குகளும் இத்தாலிக்குள் கொண்டுவந்த பெயர்களைக் கொஞ்சம் கொஞ்சமாகச் சாதாரண மக்களும் வைத்துக்கொண்டார்கள். கார்லோ, குய்தோ, ஆல்பெர்தோ, மேலே சொன்ன லியோனார்தோ, எல்லாம் ஜெர்மானிய வரத்து. வந்தபோது ‘ரிக்’-இல் இருந்தது கல்லின் க. இத்தாலியில் பின்னால் ஒரு உயிரெழுத்து ஒட்டியது. இரண்டு உயிருக்கு நடுவில் மாட்டிக்கொண்ட க, தங்கத்தின் க-வாக இளகிவிட்டது.

ஏன் இளகுகிறது? உயிரெழுத்து சொல்லும்போது குரல்நாண்கள் அதிர்ந்துகொண்டிருக்கின்றன. நடுவில் கல்லின் க வந்தால் அதிர்வை நிறுத்தி, நாக்கின் பின்பகுதியால் வாயை அடைத்து, திறந்து, மறுபடி அதிர்வைத் தொடங்க வேண்டும். இத்தனையும் ஒரு நொடியில் பத்தில் ஒரு பங்கு நேரத்துக்குள். வேகமாகப் பேசும்போது அந்த நிறுத்தம் நழுவிவிடுகிறது. அதிர்வு ஓடிக்கொண்டே இருந்தால் கிடைப்பது தங்கத்தின் க. அடைப்பும் தளர்ந்தால் பகலின் க.

க்க என்று இரட்டித்தால் மட்டும் ஏன் இளகுவதில்லை? குரல்நாண் அதிர வேண்டுமானால் அதன் வழியே காற்று ஓட வேண்டும். வாய் அடைபட்டிருக்கும்போது அந்தக் காற்று நாக்குக்குப் பின்னால் இருக்கும் சின்ன இடத்தில் போய்ச் சேர்கிறது. இடம் நிரம்பிவிட்டால் மேலேயும் கீழேயும் அழுத்தம் சமமாகி, ஓட்டம் நின்று, அதிர்வு தானே அணைந்துவிடும். ஒற்றை க-வில் நிரம்புவதற்குள் வாய் திறந்துவிடுகிறது. க்க-வில் அடைப்பு ஏறத்தாழ இரு மடங்கு நேரம் நீடிப்பதால் அணைந்தே தீரும். பகல், பக்கம் என்று அடுத்தடுத்துச் சொல்லிப் பாருங்கள், விரலுக்கே தெரியும்.

லத்தீனில் ஏரிக்கு லாக்குஸ். (லத்தீனில் அது ஒற்றை க, கல்லின் க என்று காட்ட எனக்குத் தமிழில் வேறு வழியில்லை.) இத்தாலியனில் அது லாகோ. உண்மையிலேயே இரட்டை க கொண்ட புக்கா, அதாவது கன்னம், இத்தாலியனில் போக்காவாக, வாய் என்ற பொருளில், கெட்டியாகவே நிற்கிறது. ஆனால் ஃபுளோரன்ஸ் இருக்கும் டஸ்கனி வட்டாரம் இந்த விஷயத்தில் ஒழுங்கில்லாத பிள்ளை. லாகோவை இளக்கிய அதே வாய், நண்பனுக்கு அமீக்கோ என்று கல்லின் க-வை வைத்துக்கொண்டது. ஸ்பானியர்களும் வெனிஸ்காரர்களும் அமீகோ என்று இளக்கிவிட்டார்கள். அதனால் இத்தாலியில் ஒரே பெயருக்கு ஃபெதெரீக்கோ, ஃபெதெரீகோ என்று இரண்டு வடிவமும் உண்டு. பிரெஞ்சுக்காரர்கள் இன்னும் ஒரு படி மேலே போய், அமல்ரிக்கின் கடைசி க-வையே தொலைத்து அமோரி ஆக்கிவிட்டார்கள்.

இனி நமக்குத் தெரிந்த ஆள். வெஸ்புச்சி குடும்பத்தில் பதினைந்தாம் நூற்றாண்டின் நடுவில் பிறந்த பையனுக்குத் தாத்தாவின் பெயரை வைத்தார்கள். தாத்தா அமெரிகோ ஃபுளோரன்ஸ் அரசில் பெரிய உத்தியோகத்தில் இருந்தவர். தாத்தா பெயரைப் பேரனுக்கு வைப்பது அங்கே வழக்கம். நமக்கு அதை விளக்கவே வேண்டாம். பேரன் என்ற சொல்லே பெயரன், பெயரைத் தாங்குபவன், என்பதிலிருந்து வந்ததுதான்.

பேரன் கடலோடியானான். அவன் எழுதியதாக லத்தீனில் அச்சாகி ஐரோப்பா முழுக்க ஓடிய ஒரு கடிதத்தில் பெயர் ‘ஆல்பெரிக்குஸ்’ என்று விழுந்தது. அது வேறு பெயர். முன்பாதியில் இருப்பது எல்ஃப் என்ற மாய மனிதர். அதுவே ஒட்டியிருந்தால் இன்று நம் பிள்ளைகள் ஆல்பெரிக்கா விசாவுக்கு வரிசையில் நிற்பார்கள்.

1507-இல் லொரேன் பகுதியில் சான்-தியே என்ற சின்ன ஊரில் மார்ட்டின் வால்ட்சேமுல்லரும் மத்தியாஸ் ரிங்மனும் ஒரு உலகப்படத்தையும் அதற்கு ஒரு விளக்க நூலையும் வெளியிட்டார்கள். படத்தில் ஒரே ஒரு பிரதிதான் மிஞ்சியது. 1901-இல் தென் ஜெர்மனியில் ஒரு கோட்டையில் அகப்பட்டது, 2003-இல் அமெரிக்க நாடாளுமன்ற நூலகம் அதை 1 கோடி டாலருக்கு வாங்கியது. புதிய நிலத்துக்கு என்ன பெயர் என்று விளக்க நூல் இரண்டு வடிவம் சொன்னது. ஒன்று அமெரிகே. கிரேக்கத்தில் ‘கே’ என்றால் நிலம், தங்கத்தின் க-வோடு. அமெரிகோவின் வாயில் இருந்த க-வே நிலமாகிவிட்டது; அழகான சிலேடை. இன்னொன்று, பெயரை லத்தீனுக்குத் திருப்பி அமெரிக்குஸ் ஆக்கி, அதற்குப் பெண்பால் வால் ஒட்டிய அமெரிக்கா. ஐரோப்பாவும் ஆசியாவும் பெண்களால் பெயர் பெற்றவை, ஆண் ஒருவனின் பெயரை வைத்தால் என்ன என்று நியாயமும் சொன்னார்கள். படத்தில் ஏறியது இரண்டாவது. சிலேடை தோற்றது, இலக்கணம் ஜெயித்தது. மக்கள் வாயில் இளகிக் கிடந்த க-வைப் பண்டிதர்கள் மறுபடி கல்லாக்கினார்கள். போகிற போக்கில் அழுத்தத்தையும் தவறவிட்டார்கள். இத்தாலியன் அமெரிகோவில் ‘ரி’-யை அழுத்திச் சொல்வான். கெல்ட்டியரிடம் வாங்கிய அந்தப் பழைய ஈ-யின் எச்சம் அது. அமெரிக்காவில் அழுத்தம் ‘மெ’-க்குப் போய்விட்டது.

வால்ட்சேமுல்லருக்கே பிறகு சந்தேகம் வந்திருக்க வேண்டும். 1513-இல் வந்த படத்தில் அந்தப் பெயரைக் காணோம். ஆனால் அதற்குள் மற்றவர்கள் எடுத்துக்கொண்டுவிட்டார்கள். 1538-இல் மெர்க்காட்டர் தன் படத்தில் வடக்கு, தெற்கு இரண்டுக்கும் அதையே போட்டார்.

தமிழில் அமெரிக்கா என்று இரட்டிக்கிறோம். ஒற்றையாக எழுதினால் நம் வாய் அதைத் தானாகவே அமெரிகா என்று இளக்கிவிடும் என்பதால். அமெரிகோவுக்கு ஒற்றைக் க போதும். படிக்கும்போதே சரியான ஒலி வந்துவிடுகிறது. ஆங்கிலத்தில் இரண்டு தனி எழுத்து கேட்கும் வேறுபாட்டை நாம் ஒரு புள்ளியை வைத்துச் சமாளிக்கிறோம்.

ஃபுளோரன்ஸில் மட்டும் கதை வேறு. அந்த ஊர்ப் பேச்சில் இரண்டு உயிருக்கு நடுவில் கல்லின் க வந்தால் அது பகலின் க ஆகிவிடும். ‘லா காசா’, அதாவது வீடு, அவர்கள் வாயில் ‘லா ஹாசா’. அவர்கள் கோக்கா கோலா கேட்டால், க எல்லாம் ஹ ஆகி, மற்ற ஊர் இத்தாலியர்கள் சிரிப்பார்கள். வெஸ்புச்சி பிறந்த ஊரில் இன்று ஒரு பாட்டி, பேத்தி வேலைக்குப் போயிருக்கும் நாட்டின் பெயரைச் சொன்னால் நம் காதில் விழுவது அமெரிஹா.