சத்தத்தை அணைத்துவிட்டுப் பாருங்கள்

எடிட்டிங் கற்க வரும் பிள்ளைகளுக்கு முதல் வாரமே ஒரு போர்க்கால ஆவணப்படம் போட்டுக் காட்டுவேன். 1943இல் ஃபிராங்க் காப்ராவும் அனடோல் லிட்வக்கும் அமெரிக்க ராணுவத்துக்காக எடுத்த 'தி பேட்டில் ஆஃப் ரஷ்யா'. 1941 ஜூன் 22 அன்று ஜெர்மனி படையெடுத்தபோது சோவியத் மக்கள் எப்படித் தாக்குப்பிடித்தார்கள் என்பதுதான் படம். லெனின்கிராட் முற்றுகை வரும்போது வகுப்பில் பேச்சு நின்றுவிடும். உறைந்த லடோகா ஏரியின் மேல் லாரிகள் ஊர்ந்து போகும்.

அப்புறம் ஒரு சண்டைக் காட்சியைச் சத்தம் இல்லாமல் மறுபடி ஓட்டுவேன். பாதி பயம் காணாமல் போயிருக்கும். அன்றைக்குப் போர்முனையில் ஓடியவை பெரும்பாலும் சாவி கொடுக்கும் கேமராக்கள். 100 அடிச் சுருள், ஒரு நிமிடம்தான் வரும், ஒலி பதியாது. நாம் கேட்கும் குண்டுச் சத்தம் பிறகு ஸ்டூடியோவில் சேர்த்தது. நானும் ஊமைக் காட்சிக்கு வெடிச்சத்தம் ஒட்டியவன்தான். யாரும் கண்டுபிடிக்கவில்லை, பாராட்டு வேறு கிடைத்தது!

அடுத்து, கேமரா எங்கே நிற்கிறது என்று கேட்பேன். பதுங்குகுழியிலிருந்து வீரர்கள் நம்மை நோக்கிப் பாய்ந்து வந்தால், படம்பிடித்தவர் எதிரிக்கு முதுகைக் காட்டி நின்றிருக்க வேண்டும். அது ஒத்திகையாக இருக்கலாம் என்ற சந்தேகம் அங்கேயே வந்துவிட வேண்டும். 1942 நவம்பரில் ஸ்டாலின்கிராடுக்கு மேற்கே உள்ள களாச் என்ற ஊருக்கு அருகே, ஜெர்மானியரை இரு பக்கமும் சுற்றிவளைத்து வந்த இரண்டு சோவியத் படைகள் பனியில் ஓடிவந்து கட்டிக்கொள்ளும் புகழ்பெற்ற செய்திப்படக் காட்சி அப்படித்தான், பிறகு நடிக்கவைத்து எடுத்தது.

இதைவிட எனக்கு உறுத்துவது வெட்டப்பட்ட பகுதி. 1939இல் ஸ்டாலினும் ஹிட்லரும் ஒப்பந்தம் போட்டு, போலந்தைப் பங்கிட்டுக்கொண்டதைப் பற்றிப் படத்தில் பேச்சே இல்லை. ஆனால் 1938இல் வந்த 'அலெக்சாண்டர் நெவ்ஸ்கி' என்ற கதைப்படத்தில் உறைந்த ஏரியின் மேல் நடக்கும் சண்டைக் காட்சி இதில் இருக்கிறது.

ஆர்மா 3 என்ற கணினி விளையாட்டின் காட்சிகள் உக்ரைன் போர் என்று போன்களில் சுற்றியபோதும், பலரை நம்பவைத்தது இருட்டும் சத்தமும்தான். ஃபார்வர்டு பண்ணும் முன் ஒருமுறை ஒலியை அணைத்துப் பாருங்கள்.

"அப்போ எல்லாம் பொய்யா சார்?" என்று ஒவ்வொரு வருஷமும் ஒருவராவது கேட்பார். இல்லை. லெனின்கிராடில் முற்றுகையின் முதல் குளிர்காலத்தில் பலருக்கு நாளுக்கு 125 கிராம் ரொட்டிதான் கிடைத்தது. களாச்சில் படைகள் சந்தித்ததும், ஜெர்மனியின் ஆறாம் படை மாட்டிக்கொண்டதும் நடந்தவை. கட்டிப்பிடித்ததுதான் ரீடேக்.